வானிலை எச்சரிக்கை வானொலியில் வர வேண்டாமா? சிங்கப்பூர்த் தமிழர்களின் கருத்து தேவை

#1 விடியல் ஓட்டுநர் (இழையைத் தொடங்கியவர்)

அனைவருக்கும் வணக்கம். ஊழியர்களை வேலையிடத்துக்கு ஏற்றிச் செல்லும் பேருந்து ஓட்டுகிறேன். உட்லண்ட்ஸில் ஆள் ஏற்றித் துவாஸில் இறக்க வேண்டும். எங்கள் ஓட்டம் பொழுது விடிவதற்கு முன்பே தொடங்கிவிடும். சுமத்ரா சூறைக்காற்றும் பெரும்பாலும் அதே நேரத்தில்தான் தீவுக்குள் நுழைகிறது. விரைவுச்சாலையில் பேருந்தின் பக்கவாட்டில் காற்று அறையும்போது சக்கரத்தை இறுக்கிப் பிடிப்பதைத் தவிர வேறு வழியில்லை. பின்னால் நாற்பது பேர் தூங்கிக்கொண்டிருப்பார்கள்.

என் கேள்வி இதுதான். எச்சரிக்கை எல்லாம் கைபேசிக்கு வருகிறது. ஓட்டுநர் கைபேசியைக் கையில் எடுக்கக் கூடாது என்பது சட்டம். அது சரியான சட்டம். அப்படியானால் சாலையில் இருப்பவனுக்கு யார் சொல்வது? வண்டியில் வானொலி பாடிக்கொண்டுதான் இருக்கிறது. இன்னும் அரைமணியில் ஜூரோங் பக்கம் பலத்த காற்று வீசும் என்று அந்தப் பாட்டை நிறுத்திவிட்டுச் சொல்ல இருபது வினாடி போதும். செய்தி நேரம் வரும்வரை அது காத்திருக்கக் கூடாது.

அமெரிக்காவில் வானிலை எச்சரிக்கைக்கென்றே தனி வானொலி இருப்பதாகப் படித்தேன். வட்டார வானிலை அலுவலகமே அதை நடத்துகிறதாம். அங்கே இருந்தவர்கள் யாராவது விவரம் சொல்லுங்கள். நமக்கும் அப்படி ஒன்று வேண்டும், அதில் தமிழும் ஒலிக்க வேண்டும் என்பது என் கருத்து.

#2 பாசிர் ரிஸ் வாசகன்

அண்ணன், உங்கள் கவலை புரிகிறது. ஆனால் தனி வானொலி என்பது நம் ஊருக்குப் பொருந்துமா என்று யோசிக்க வேண்டும். கிழக்கு முனையிலிருந்து மேற்கு முனைக்கு ஏறத்தாழ 50 கிலோமீட்டர். சூறாவளி வருவதில்லை, நிலநடுக்கம் வருவதில்லை. வானிலை ஆய்வு நிலையம் வட்டாரம் வட்டாரமாக அடுத்த இரண்டு மணி நேரத்துக்கான முன்னறிவிப்பை வெளியிடுகிறது. பொதுப் பயனீட்டுக் கழகம் வெள்ள எச்சரிக்கையை டெலிகிராமில் அனுப்புகிறது. அவசர எச்சரிக்கைக்கு உள்துறை அமைச்சின் எஸ்ஜிசெக்யூர் செயலி இருக்கிறது. இவ்வளவும் இருக்கும்போது இன்னொரு கருவியை வாங்கி வீட்டில் வைக்கச் சொன்னால் யார் வாங்குவார்கள்?

#3 முன்னாள் டல்லஸ்வாசி

விடியல் ஓட்டுநர் அண்ணன் கேட்டதற்குப் பதில். படிப்புக்காகச் சில ஆண்டுகள் டல்லஸில் இருந்தேன். நான் வாடகைக்கு இருந்த வீட்டின் சமையலறையில் உப்பு ஜாடிக்குப் பக்கத்தில் அந்த வானொலிப் பெட்டி இருந்தது. கைக்கு அடக்கமான வெள்ளைப் பெட்டி. சுவரில் சொருகியிருப்பார்கள், மின்சாரம் போனாலும் ஓட உள்ளே பேட்டரி இருக்கும். சாதாரண எஃப்எம் பெட்டியில் அந்த ஒலிபரப்பு எடுக்காது. அதற்கென்று 162.400 முதல் 162.550 மெகாஹெர்ட்ஸ் வரை ஏழு அலைவரிசைகள் ஒதுக்கியிருக்கிறார்கள். நாடு முழுவதும் ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஒலிபரப்புக் கோபுரங்கள். அவற்றில் என்ன ஒலிக்க வேண்டும் என்பதை முடிவு செய்வது வட்டார முன்னறிவிப்பு அலுவலகங்கள். அப்படி 122 அலுவலகங்கள் இருக்கின்றன. எங்கள் பகுதிக்கு ஃபோர்ட் வொர்த் அலுவலகம்.

இதில் எனக்குப் பிடித்தது, அந்தப் பெட்டி வாயை மூடிக்கொண்டு இருப்பதுதான். வாங்கியதும் நம் மாவட்டத்துக்குரிய ஆறு இலக்க எண்ணை அதில் பதிந்துவிட வேண்டும். அதன் பிறகு பக்கத்து மாவட்டத்துக்கு எச்சரிக்கை வந்தால் அது எழாது. நம் மாவட்டத்துக்கு வந்தால் மட்டும் நடுராத்திரியில் கீச்சென்று கத்தும். 1,050 ஹெர்ட்ஸ் ஒலி, பத்து வினாடி. செத்த தூக்கத்தில் இருப்பவரும் எழுந்துவிடுவார். அதன் பின் கணினிக் குரல் ஒன்று எந்த ஊர், எந்தத் திசையிலிருந்து, எத்தனை மணிவரை, என்ன செய்ய வேண்டும் என்று வரிசையாகச் சொல்லும். வாரந்தோறும் புதன்கிழமை மதியத்துக்கு முன் சோதனை ஒலி வரும். வானிலை மட்டுமல்ல, ரசாயனக் கசிவு, குழந்தை கடத்தல் போன்றவற்றுக்கும் அதே பெட்டிதான் கத்தும்.

கைபேசி இருக்கிறதே என்பவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். 2025 ஜூலை 4 அதிகாலையில் டெக்சஸின் குவாடலூப்பே ஆற்றில் வந்த வெள்ளத்தை நினைத்துப் பாருங்கள். அந்தப் பகுதிக்குரிய அலுவலகம் நியூ பிரான்ஃபெல்ஸில் இருக்கிறது. அதிகாலை 1.14 மணிக்கே கெர் மாவட்டத்துக்குத் திடீர் வெள்ள எச்சரிக்கை கொடுத்துவிட்டார்கள். பிறகு ஆற்று நீர் முக்கால் மணி நேரத்தில் 26 அடி ஏறியது. கைபேசிச் சமிக்ஞை சரியாக எட்டாத ஆற்றங்கரை, ஊரே தூங்கும் நேரம். நூற்றுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள், அவர்களில் பலர் கோடை முகாமுக்கு வந்த சிறுமிகள். முன்னறிவிப்பாளர் தம் வேலையைச் செய்தார். அவர் சொன்னது தூங்கியவர் காதுக்குப் போய்ச் சேரவில்லை.

#4 புவியியல் ஆசிரியை

நல்ல இழை. எல்லா ஆபத்தையும் ஒரே கூடையில் போட்டுப் பேசினால் முடிவுக்கு வர முடியாது. அதனால் நம் வானத்தில் எதை முன்கூட்டிச் சொல்ல முடியும், எதைச் சொல்ல முடியாது என்பதை முதலில் பிரித்துக்கொள்வோம்.

பிற்பகல் இடிமழை இருக்கிறதே, அது இந்த மண்ணிலேயே பிறப்பது. காலை வெயிலில் தரை சூடாகிறது. ஈரக்காற்று மேலே எழுகிறது. இரு பக்கத்திலிருந்தும் வரும் கடற்காற்று எங்கே மோதிக்கொள்கிறதோ அங்கே மேகம் திரள்கிறது. அரைமணியில் வளர்ந்து, கொட்டித் தீர்த்து, ஒரு மணி நேரத்தில் கலைந்துவிடும். பீஷானில் முழங்கால் தண்ணீர் என்றால் சாங்கியில் துணி காய்ந்துகொண்டிருக்கும். எந்தத் தெருவில் விழும் என்று காலையிலேயே சொல்ல எந்த நாட்டு வானிலையாளராலும் முடியாது. "பிற்பகலில் தீவின் சில பகுதிகளில் இடியுடன் கூடிய மழை" என்ற வாசகத்தைத் திரும்பத் திரும்பக் கேட்கிறோம் என்றால் அதன் காரணம் அலட்சியமல்ல. ஓராண்டில் சராசரியாக 171 நாள் மழை பெய்யும் ஊர் இது.

சுமத்ரா சூறைக்காற்றின் கதை வேறு. அது சுமத்ரா தீவிலோ மலாக்கா நீரிணையிலோ இரவில் உருவாகி, நீளமான இடிமேக வரிசையாக அணிவகுத்துக் கிழக்கு நோக்கி நகர்கிறது. ஏப்ரல் முதல் நவம்பர் வரை அதன் பருவம். மணிக்கு 40 முதல் 80 கிலோமீட்டர் வேகத்தில் காற்று வீசும். கடலைக் கடந்து வர வேண்டியிருப்பதால் ரேடார் திரையில் அது வருவது முன்பே தெரிகிறது. முதலில் துவாஸ், பிறகு ஜூரோங், கடைசியில் சாங்கி என்று வரிசையாகத் தொடும். இப்படிப்பட்டதற்கு வானொலி எச்சரிக்கை கைமேல் பலன் தரும். 1984 ஏப்ரல் 25 அன்று தெங்காவில் பதிவான மணிக்கு 144.4 கிலோமீட்டர்தான் நாம் இதுவரை அளந்த மிக வலுவான காற்று. விடியலில் மட்டும்தான் வரும் என்றும் நம்பிவிட வேண்டாம். 2024 செப்டம்பர் 17 அன்று மாலை வேளையில் வந்தது, தெங்காவில் 83.2 கிலோமீட்டர், தீவெங்கும் மரங்கள் சாய்ந்தன.

அடுத்து வடகிழக்குப் பருவக்காற்று வலுத்து வரும் நாள்கள். டிசம்பர், ஜனவரியில் தென்சீனக் கடலிலிருந்து குளிர்காற்று ஒரேயடியாகப் பாய்ந்தால் இரண்டு மூன்று நாள் விடாமல் பெய்யும். 2025 ஜனவரி 10, 11 தேதிகளில் சாங்கியில் 255.2 மில்லிமீட்டர் பதிவானது. அந்த மாதம் முழுவதும் வழக்கமாகப் பெய்வதைவிட அது அதிகம். இதை நாள்கணக்கில் முன்கூட்டிச் சொல்ல முடிகிறது, சொல்லவும் சொன்னார்கள்.

புகைமூட்டமும் வெப்பமும் இதே வகைதான். காற்றின் திசையும் சுமத்ராவில் எரியும் இடங்களும் தெரிந்தால் புகையைக் கணிக்கலாம். வட்டாரம் முழுவதற்கும் அதைக் கண்காணிக்கும் ஆசியான் சிறப்பு வானிலை மையம் 1993 முதல் நம் வானிலை ஆய்வு நிலையத்தில்தான் இயங்குகிறது.

பாசிர் ரிஸ் வாசகன் தம்பிக்கு ஒன்று: சூறாவளி வருவதில்லை என்று எழுதியிருந்தீர்கள். 2001 டிசம்பரில் வாமெய் என்ற புயல் நிலநடுக்கோட்டுக்கு வடக்கே வெறும் ஒன்றரை பாகையில் உருவாகி, இங்கிருந்து சுமார் 60 கிலோமீட்டர் வடகிழக்கே ஜொகூரில் கரையேறியது. அவ்வளவு தெற்கில் புயல் உருவாகாது என்று பாடப்புத்தகங்கள் சொல்லிக்கொண்டிருந்த காலம் அது. என் வகுப்பில் ஒவ்வோர் ஆண்டும் அந்த வரைபடத்தைக் காட்டாமல் விடுவதில்லை.

#5 அமுதா உட்லண்ட்ஸ்

என் தாயாருக்குக் கண் பார்வை மங்கிவிட்டது. காலை எழுந்ததிலிருந்து ஒலி 96.8 தமிழ் வானொலி அவர் காதருகில் இருக்கும். யார் இறந்தார், எந்தக் கோயிலில் தீமிதி, மூத்தோருக்கு என்ன சலுகை என்று எல்லாமே அவருக்கு அதில்தான் தெரியும். நான் வேலைக்குப் போன பிறகு சன்னலைச் சாத்தச் சொல்வதற்கு வீட்டில் வேறு ஆள் இல்லை. சூறைக்காற்று வந்தால் எங்கள் மாடியில் நடைபாதையில் உலர்த்தும் மூங்கில் கழி பறக்கும். பூந்தொட்டி உருண்டு கீழே விழுந்தால் யார் தலையில் விழும் என்று சொல்ல முடியாது.

செயலியில் எல்லாம் இருக்கிறது என்கிறார்கள். அதைத் திறந்து பார்க்கும் அளவுக்குக் கண்ணும் விரலும் இருப்பவர்களுக்குத்தான் அது இருக்கிறது. அம்மாவைப் போன்றவர்களுக்கு அவர்கள் கேட்டுக்கொண்டிருக்கும் குரலிலேயே, அவர்கள் மொழியிலேயே வர வேண்டும். தனிப்பெட்டி வாங்குவதெல்லாம் பிறகு.

#6 சாரக்கட்டு

நான் புதுக்கோட்டை. இங்கே கட்டுமானத் தளத்தில் பாதுகாப்பு ஒருங்கிணைப்பாளர்.

மின்னல் எச்சரிக்கை எப்படி வேலை செய்கிறது என்று சொல்கிறேன், கேளுங்கள். தளத்தில் தேசிய சேவை என்ற கட்டாயப் படைப்பணியை முடித்த உள்ளூர் மேற்பார்வையாளர்கள் அதை அங்கே பழகியபடி 'கேட் 1' (கேட்டகரி 1, அதாவது முதல் வகை ஆபத்து) என்றே சொல்வார்கள். எச்சரிக்கை வந்ததும் விளக்கு சுழலும், சங்கு ஊதும். பாரந்தூக்கியை இயக்குபவர் சுமையை இறக்கிவைத்துவிட்டுக் கீழே வருவார். பதினெட்டாவது மாடியில் கம்பி கட்டிக்கொண்டிருக்கும் பையன்கள் இடுப்பு வார்க்கொக்கியைக் கழற்றிக் கழற்றி மாட்டியபடி ஒவ்வொரு தட்டாக இறங்க வேண்டும். கையில் கம்பி முறுக்கும் கருவி, தோளில் சாமான் பை. இறங்கி முடிக்க நேரம் ஆகும். எச்சரிக்கைக்கும் முதல் மின்னலுக்கும் நடுவில் கிடைக்கும் அந்தச் சில நிமிடங்கள்தான் எங்களுக்கு உயிர். முன்பு வேலை பார்த்த ஒரு தளத்தில் விளக்கு சுழன்ற பிறகும் "கான்கிரீட்டை முடித்துவிட்டு இறங்கு" என்று கத்திய முதலாளியைப் பார்த்திருக்கிறேன். எச்சரிக்கை சங்கோடு நின்றுவிட்டால் இப்படித்தான், பெரிய குரல் உள்ளவன் அதை அமுக்கிவிடுகிறான். இந்தப் பகுதிக்கு மின்னல் ஆபத்து, வெளியில் வேலை நிறுத்த வேண்டும் என்று தமிழிலும் வங்காளத்திலும் எல்லாரும் கேட்கும்படி ஒரு குரல் சொன்னால், இறங்குபவனுக்குப் பேச்சு வாங்குவோமோ என்ற பயம் இருக்காது.

வெயிலுக்கும் இதேதான். வெயில், ஈரப்பதம், காற்று எல்லாவற்றையும் சேர்த்து அளக்கும் டபிள்யூபிஜிடி அளவு 32 பாகையைத் தொட்டால் கடின உடலுழைப்புச் செய்பவருக்கு மணிக்குக் குறைந்தது 10 நிமிட ஓய்வு தர வேண்டும் என்று 2023 அக்டோபரில் மனிதவள அமைச்சு விதி கொண்டுவந்தது. அதே ஆண்டு மே 13 அன்று அங் மோ கியோவில் 37 பாகை பதிவாகி, 1983இல் தெங்காவில் பதிவான உச்சத்தைத் தொட்டது நினைவிருக்கும். தளத்தில் கருவி இருக்கிறது, எண்ணும் பலகையில் எழுதப்படுகிறது. அந்த எண் ஏறினால் தனக்கு என்ன உரிமை என்பது புதிதாக வந்திறங்கிய தம்பிக்குத் தெரிவதில்லை.

#7 பாசிர் ரிஸ் வாசகன்

> "அவ்வளவு தெற்கில் புயல் உருவாகாது என்று பாடப்புத்தகங்கள் சொல்லிக்கொண்டிருந்த காலம்"

டீச்சர், வாமெய் பற்றிய தகவலுக்கு நன்றி. ஆனாலும் என் ஐயம் தீரவில்லை. வெள்ளத்தை எடுத்துக்கொள்வோம். 2021 ஆகஸ்டில் எங்கள் பக்கம் தெம்பனிஸ் அவென்யூ 10, பாசிர் ரிஸ் டிரைவ் 12 சந்திப்பில் தண்ணீர் ஏறிக் கார்கள் சிக்கிக்கொண்டன. குடிமைத் தற்காப்புப் படை வந்து ஆள்களை மீட்டது. அது சற்று நேரத்தில் ஏறிச் சற்று நேரத்தில் வடிந்த வெள்ளம். வானொலி நிலையத்துக்குத் தகவல் போய், அறிவிப்பாளர் எழுதி, நான்கு மொழியிலும் படித்து முடிப்பதற்குள் தண்ணீர் வடிந்திருக்கும். நம் மழையின் வேகத்துக்கு வானொலி ஈடுகொடுக்குமா?

இன்னொன்று, அளவுக்கு மீறி எச்சரித்தால் யாரும் கேட்க மாட்டார்கள். ஓராண்டில் பாதி நாள் இடி இடிக்கும் ஊரில் ஒவ்வொன்றுக்கும் பாட்டை நிறுத்தினால் மக்கள் நிலையத்தை மாற்றிவிடுவார்கள்.

#8 வேதை மைந்தன்

வேதாரண்யம் பக்கத்துக்காரன். 2018 நவம்பர் 15 இரவை நானும் என் அறைத் தோழர்களும் இங்கே தங்கும் விடுதியில் கழித்தோம். கஜா புயல் கரை கடக்கப் போகிறது என்று தெரியும். நாகப்பட்டினம் துறைமுகத்தில் புயல் எச்சரிக்கைக் கூண்டு ஏற்றியாகிவிட்டது. தாழ்வான இடத்து மக்களை முகாம்களுக்கு அழைத்துப் போய்க்கொண்டிருந்தார்கள். நள்ளிரவு தாண்டியதும் வீட்டுக்குப் போன லைன் அறுந்தது. அறையில் இருந்த பட்டுக்கோட்டைக்காரர், பேராவூரணிக்காரர், திருத்துறைப்பூண்டிக்காரர் யாருக்கும் கிடைக்கவில்லை. கைபேசிக் கோபுரமே சாய்ந்திருக்கிறது, எங்கே கிடைக்கும்? மூன்றாம் நாள்தான் அப்பா வேறு ஊருக்குப் போய் அங்கிருந்து பேசினார். தென்னை அத்தனையும் போய்விட்டது என்று சொல்லிவிட்டு அதற்கு மேல் பேச முடியாமல் நிறுத்திவிட்டார்.

அந்த நாள்களில் ஊரில் வேலை செய்தது பேட்டரி போட்ட டிரான்சிஸ்டர்தான். மின்கம்பம் நட்டு மின்சாரம் வர வாரக்கணக்கில் ஆனது. எங்கே சாப்பாடு கொடுக்கிறார்கள், எந்தச் சாலை திறந்திருக்கிறது என்பதெல்லாம் அதில் கேட்டுத்தான் தெரிந்துகொண்டார்கள். பாம்பனில் 90.4இல் 'கடல் ஓசை' என்று மீனவருக்கென்றே சமுதாய வானொலி 2016 முதல் நடக்கிறது. அலை எவ்வளவு, காற்று எப்படி, கடலுக்குப் போகலாமா என்று அதில் பேசுபவர்களும் அந்த ஊர்க்காரர்கள்தான்.

சிங்கப்பூரில் கோபுரம் சாயாது என்று எல்லாரும் நம்புகிறோம். சாயாமல் இருக்கட்டும். ஆனால் ஆபத்து வேளையில் ஒரே வழியை மட்டும் நம்பியிருக்கக் கூடாது என்பதைக் கஜா எங்களுக்குக் கற்றுக்கொடுத்தது.

#9 மாலுமி (ஓய்வு)

பல ஆண்டு கப்பலில் இருந்தவன் என்ற முறையில் சொல்கிறேன். கடலில் எச்சரிக்கையை யாரும் தேடிப்போய்ப் பார்ப்பதில்லை, அதுவே வந்து நிற்கும். 518 கிலோஹெர்ட்ஸில் நாவ்டெக்ஸ் என்ற சேவை இருக்கிறது. சிங்கப்பூர் நிலையமும் அதில் ஒன்று. வானிலை எச்சரிக்கை வந்தால் கப்பல் மேடையில் உள்ள கருவி தானாக அதை அச்சடித்துவிடும். பணியில் இருப்பவர் தாளைக் கிழித்துப் படித்துக் கையெழுத்துப் போட வேண்டும். இதைச் சொல்லக் காரணம், தரையில் இருப்பவனுக்கு மட்டும் "நீயே போய்ப் பார்த்துக்கொள்" என்கிறோமே என்ற ஆதங்கம்தான்.

நல்லவாடு கதை இங்கே எத்தனை பேருக்குத் தெரியும்? புதுச்சேரிக்குத் தெற்கே உள்ள மீனவ ஊர். 2004 டிசம்பர் 26, சுனாமி வந்த காலை. அந்த ஊர் இளைஞர் ஒருவர் அப்போது சிங்கப்பூரில் வேலை பார்த்துக்கொண்டிருந்தார். ஆச்சே பக்கம் பெரிய நிலநடுக்கம் என்ற செய்தியை இங்கே வானொலியிலும் தொலைக்காட்சியிலும் கேட்டுக்கொண்டே இருந்தவருக்கு ஏதோ பெரிதாக நடக்கப் போகிறது என்று பட்டது. உடனே வீட்டுக்குத் தொலைபேசி போட்டார். எடுத்த தங்கை, கடல் தண்ணீர் வீட்டுக்குள் வருகிறது என்றாள். எல்லாரையும் கூட்டிக்கொண்டு ஓடு என்றார் அவர். ஊரில் சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம் அமைத்த அறிவு மையம் இருந்தது. மீனவர்களுக்கு அன்றாடம் அலை உயரத்தைச் சொல்வதற்காக அங்கே ஒலிபெருக்கி வைத்திருந்தார்கள். மையம் பூட்டியிருந்தது. கதவை உடைத்து உள்ளே போய் ஒலிபெருக்கியில் கத்தினார்கள். ஊர் முழுதும் ஓடியது. வீடும் படகும் போயின. 3,600 பேர் பிழைத்தார்கள். அதே நாளில் நாகப்பட்டினம் மாவட்டத்தில் மட்டும் 6,000 பேருக்கு மேல் மடிந்தார்கள்.

அந்தச் செய்தி எத்தனை கை மாறிப் போயிருக்கிறது பாருங்கள். சிங்கப்பூர் வானொலி, ஓர் அண்ணனின் காது, தொலைபேசி, தங்கை, பூட்டிய கதவு, ஒலிபெருக்கி. நிலநடுக்கத்தைப் பதிவுசெய்த கருவிகள் உலகெங்கும் இருந்தன. இந்தியப் பெருங்கடலுக்கென்று எச்சரிக்கை ஏற்பாடு அன்று இல்லை. அன்றாடம் அலை உயரம் சொல்லிப் பழகிய ஒலிபெருக்கி ஒன்று அந்த ஊரில் இருந்தது. தினமும் பேசிய குரல் என்பதால்தான் அது ஓடு என்றதும் ஊர் ஓடியது.

#10 அமுதா உட்லண்ட்ஸ்

மாலுமி ஐயா, படித்து முடித்ததும் கண் கலங்கிவிட்டது. இதைப் பிள்ளைகளுக்குப் படித்துக் காட்டப் போகிறேன்.

#11 புவியியல் ஆசிரியை

> "ஒவ்வொன்றுக்கும் பாட்டை நிறுத்தினால் மக்கள் நிலையத்தை மாற்றிவிடுவார்கள்"

பாசிர் ரிஸ் வாசகன் கேட்டதில் நியாயம் இருக்கிறது, அதைத் தள்ளிவிட முடியாது. அமெரிக்காவிலும் தொடக்கத்தில் இதே தலைவலிதான். எங்கோ ஒரு மாவட்டத்துக்கு வந்த எச்சரிக்கைக்கு எல்லாப் பெட்டியும் கத்தியதால் மக்கள் அணைத்துவிட்டார்கள். அதன் பிறகுதான் டல்லஸ்வாசி சொன்ன அந்த இடக்குறியீடு வந்தது. நாம் ஆபத்தின் வகையை வைத்து வடிகட்டலாம். பிற்பகல் இடிமழைக்குப் பாட்டை நிறுத்த வேண்டாம். சூறைக்காற்று வரிசை, விடாத பருவமழை, சுகாதாரத்தைக் கெடுக்கும் புகைமூட்டம், கடும் வெப்பம் ஆகிய நான்குக்கு மட்டும் நிறுத்தினால் போதும்.

தனிப்பெட்டி வேண்டாம் என்ற அவருடைய கருத்தை நான் ஏற்கிறேன். தீவு சிறியது என்பது இங்கே நமக்குச் சாதகம். புக்கிட் பாத்தோக் கோபுரத்திலிருந்து போகும் எஃப்எம் ஒலிபரப்பு ஏற்கெனவே எல்லா வீட்டுக்கும் எல்லா வண்டிக்கும் எட்டுகிறது.

வழக்கமும் புதிதல்ல. முழுமைத் தற்காப்பு தினமான பிப்ரவரி 15 அன்று மாலை 6.20க்குத் தீவெங்கும் சைரன் ஒலிக்கிறதே, 1942இல் சிங்கப்பூர் வீழ்ந்த நேரம் அது. அந்த ஒலிக்குப் பெயரே முக்கியத் தகவல் சமிக்ஞை. கேட்டால் என்ன செய்ய வேண்டும்? வானொலியைத் திற, தொலைக்காட்சியைத் திற. பெரிய ஆபத்துக்கு நாட்டின் ஏற்பாடு இதுதான். அதையே வானிலைக்கும் கொஞ்சம் கீழே இறக்கிக் கொண்டுவரச் சொல்கிறோம்.

#12 முன்னாள் டல்லஸ்வாசி

வேகத்தைப் பற்றி ஒரு வார்த்தை. அங்கே அறிவிப்பாளர் உட்கார்ந்து எழுதிப் படிப்பதில்லை. முன்னறிவிப்பாளர் எச்சரிக்கையை வெளியிட்ட அடுத்த கணமே கணினி அதைக் குரலாக்கிவிடும். வாசகத்தின் சட்டகம் தயாராக இருக்கும். ஊர்ப்பெயரும் நேரமும் மட்டும் மாறும். நாம் நான்கு மொழியிலும் சட்டகத்தை முன்பே பதிவுசெய்து வைத்துவிட்டால், நான்கு மொழி என்பதால் தாமதம் வராது. தமிழ் நிலையத்தில் தமிழ், மலாய் நிலையத்தில் மலாய் ஒரே நேரத்தில் போகும்.

#13 விடியல் ஓட்டுநர் (இழையைத் தொடங்கியவர்)

இவ்வளவு பேர் அக்கறையோடு எழுதியது மனத்துக்கு நிறைவாக இருக்கிறது. எங்கள் வசிப்போர் குழுக் கூட்டத்தில் இதைப் பேசப் போகிறேன், வானொலிக்கும் எழுதப் போகிறேன். வெறும் கோரிக்கையாக இல்லாமல் மாதிரி அறிவிப்பையும் சேர்த்துக் கொடுக்க நினைக்கிறேன். இப்படி எழுதியிருக்கிறேன், திருத்திக் கொடுங்கள்:

"வானிலை ஆய்வு நிலையத்தின் எச்சரிக்கை. மலாக்கா நீரிணையிலிருந்து இடிமேக வரிசை நகர்ந்து வருகிறது. அதிகாலை 5.30 மணியிலிருந்து 7 மணிவரை தீவின் மேற்கிலும் வடக்கிலும் பலத்த காற்றும் கனமழையும் எதிர்பார்க்கப்படுகின்றன. பொதுமக்கள் கவனமாக இருக்கும்படி கேட்டுக்கொள்ளப்படுகிறார்கள்."

#14 சாரக்கட்டு

அண்ணன், கடைசி வாக்கியத்தை எடுத்துவிடுங்கள். கவனமாக இரு என்றால் தளத்தில் யாரும் எதுவும் செய்ய மாட்டார்கள். பாரந்தூக்கியை நிறுத்து, சாரத்திலிருந்து இறங்கு, தகரத்தைக் கட்டிவை என்று சொல்ல வேண்டும்.

#15 அமுதா உட்லண்ட்ஸ்

வீட்டில் இருப்பவர்களுக்கும்: சன்னலைச் சாத்துங்கள், நடைபாதையில் உள்ள கழியையும் தொட்டியையும் உள்ளே எடுங்கள்.

#16 மாலுமி (ஓய்வு)

இடம்தான் முதலில் வர வேண்டும். துவாஸ், ஜூரோங் என்று காதில் விழுந்தால்தான் அங்கே இருப்பவன் நிமிர்ந்து உட்காருவான். மேகம் எங்கிருந்து வருகிறது என்பதைக் கேட்டுக்கொண்டிருக்க அவனுக்கு நேரமில்லை. இன்னொன்று, ஆபத்து நீங்கியதும் நீங்கிவிட்டது என்று அதே குரல் சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் அடுத்த முறை எவ்வளவு நேரம் ஒதுங்கி நிற்பது என்று தெரியாமல் பாதியில் கிளம்பிவிடுவார்கள்.

#17 பாசிர் ரிஸ் வாசகன்

தனிப்பெட்டி இல்லை, நான்கு ஆபத்துக்கு மட்டும், இருக்கும் நிலையங்களிலேயே என்றால் எனக்கு மறுப்பில்லை. ஓட்டுநருக்கும் ஒரு வரி சேர்க்க வேண்டும். வேகத்தைக் குறை, மரத்தடியில் வண்டியை நிறுத்தாதே, தண்ணீர் தேங்கிய சாலைக்குள் இறங்காதே. எங்கள் சந்திப்பில் அன்று சிக்கியவர்கள் கடந்துவிடலாம் என்று உள்ளே விட்டவர்கள்தான்.

#18 விடியல் ஓட்டுநர் (இழையைத் தொடங்கியவர்)

எல்லாவற்றையும் சேர்த்துவிட்டேன். வாய்விட்டுப் படித்துப் பார்த்தேன், அரை நிமிடத்துக்குள் முடிகிறது:

"துவாஸ், ஜூரோங், சுவா சூ காங், உட்லண்ட்ஸ். அதிகாலை 5.30 முதல் 7 மணிவரை பலத்த சூறைக்காற்று, கனமழை, மின்னல். வெளியில் வேலை செய்பவர்கள் உயரத்திலிருந்து உடனே இறங்கிக் கட்டடத்துக்குள் செல்லுங்கள். வீட்டில் இருப்பவர்கள் சன்னலைச் சாத்துங்கள், நடைபாதைப் பொருள்களை உள்ளே எடுங்கள். வண்டி ஓட்டுபவர்கள் வேகத்தைக் குறையுங்கள், மரத்தடியில் நிறுத்தாதீர்கள், தேங்கிய நீரில் இறங்காதீர்கள். இது வானிலை ஆய்வு நிலையத்தின் எச்சரிக்கை. ஆபத்து நீங்கியதும் மீண்டும் அறிவிப்போம்."

பருவமழைக்கும் புகைமூட்டத்துக்கும் டீச்சர் எழுதித் தந்தால் நன்றாக இருக்கும். வெப்பத்துக்குச் சாரக்கட்டு தம்பி எழுதட்டும். பத்து நிமிட ஓய்வு உரிமை என்பதை முதல் வரியிலேயே வைக்க வேண்டும்.

#19 சாரக்கட்டு

இன்று இரவே எழுதி அனுப்புகிறேன். எங்கள் விடுதியில் இருக்கும் வங்காளத் தோழர் ஒருவர் தம் மொழியிலும் எழுதித் தருவதாகச் சொல்லியிருக்கிறார். இரண்டையும் சேர்த்துக் கொடுங்கள் அண்ணன்.